எந்த வருடத்துத் தறி?

காஞ்சிபுரத்துப் பட்டைப் பற்றித் தொலைக்காட்சிக்கு அரைமணி நேரப் படம் எடுப்பது இன்று பெரிய வித்தை இல்லை. கைலாசநாதர் கோயிலுக்கு மேலே ட்ரோன் ஒரு சுற்று வர வேண்டும். ஏகாம்பரநாதர் ராஜகோபுரம் காலை வெயிலில் தெரிய வேண்டும். அப்புறம் நாடா இங்குமங்கும் ஓடுகிற நெருக்கக் காட்சி, ஜரிகை மின்னும் முந்தானை, பின்னணியில் நாகஸ்வரம். நடுவில் எங்கிருந்தோ உருவிய பழைய துண்டு ஒன்று: கோடு விழுந்து, நிறம் வெளிறி, குழித்தறியில் ஒல்லியாக ஒரு மனிதர். அந்த இடம் வந்ததும் குரல் கொடுப்பவரின் தொண்டை கனத்துவிடும். "நூற்றாண்டுகளாக மாறாத கலை" என்பார். அந்தத் துண்டு எந்த வருடத்தது, எடுத்தவர் யார், எந்தத் தெரு, அந்த மனிதர் எந்த முதலாளிக்கு நெய்துகொண்டிருந்தார் என்று ஓர் எழுத்தும் திரையில் வராது. கேட்பாரும் இல்லை.

கேட்காததற்குக் காரணம் ஒரு நம்பிக்கை. பழைய காட்சி வந்துவிட்டால் படம் உண்மையாகிவிட்டது என்று எடுப்பவர்களும் நினைக்கிறார்கள், பார்ப்பவர்களும் நினைக்கிறார்கள். நிபுணர் பொய் சொல்லலாம், பேட்டி தரும் தாத்தாவுக்கு மறதி இருக்கலாம், எழுதிக்கொடுத்ததைப் படிக்கும் குரலுக்குப் பின்னால் அரசியல் இருக்கலாம். கேமராவுக்கு அதெல்லாம் கிடையாதாம், எதிரே இருந்ததை அப்படியே பிடித்ததாம். எவ்வளவு கோடு விழுந்திருக்கிறதோ அவ்வளவு நம்பகம். இதே நம்பிக்கைக்கு இன்னொரு முகமும் உண்டு: காட்சி இல்லாத சங்கதிக்குப் படத்தில் இடம் இல்லை. சேனல் கூட்டங்களில் யார் எதைச் சொன்னாலும் முதல் கேள்வி "விஷுவல் இருக்கா?" என்பதுதான். இல்லை என்றால் அடுத்த சங்கதிக்குப் போய்விடுவார்கள். முதல் முகம் பார்வையாளரை ஏமாற்றுகிறது. இரண்டாவது முகம் வரலாற்றிலிருந்து ஆட்களையே வெளியேற்றுகிறது. இரண்டும் தவறு, இரண்டாவது அதிகம் கெடுதல் செய்வது.

தறியிலிருந்தே தொடங்கலாம். "மாறாத கலை" என்பதற்கு அந்தப் பழைய துண்டைத்தானே சாட்சிக்கு அழைக்கிறார்கள்? சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்வோம். காஞ்சிபுரத்துப் பிள்ளையார்பாளையத்தில் வயதான தறிக்காரர் யாரிடமாவது அதைக் கைப்பேசியில் காட்டுங்கள். நெய்கிறவரின் முகத்தை அவர் அப்புறம்தான் பார்ப்பார். முதலில் பார்ப்பது தறிக்கு மேலே. துளை போட்ட அட்டைகள் மாலை மாலையாகத் தொங்கினால், ஜக்கார்டு வந்த பிறகு எடுத்தது. அட்டை இல்லாமல் நூல் முடிச்சுகளைக் கையால் இழுத்து உரு எழுப்பும் 'அடை' இருந்தால், அதற்கு முந்திய முறை. கம்ப்யூட்டரில் டிசைன் ஏற்றிய பெட்டி உட்கார்ந்திருந்தால், நேற்றைய சமாச்சாரம். அடுத்து அவர் கரையைப் பார்ப்பார். உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம், இரண்டும் கலங்காமல் பிரிந்து நிற்கிறதென்றால் கோர்வை. கோர்வைக்கு மூன்று நாடா வேண்டும். ஒற்றை ஆளால் ஆகாது. நெய்கிறவருக்குப் பக்கத்தில் இன்னொருவர் உட்கார்ந்து கரை நாடாவை வாங்கித் தள்ள வேண்டும்.

அந்த இன்னொருவர் யார்? மனைவியா, கூலிக்கு வந்த பெரியவரா, எட்டொன்பது வயதுப் பையனா? பழைய படங்களில் பையன் தென்பட்டால் குரல் கொடுப்பவர் நெகிழ்ந்துபோய், தந்தையிடம் மகன் தொழில் கற்கிறான் என்பார். அவன் மகன்தானா? முன்பணம் வாங்கிய குடும்பங்கள் கடன் தீரும்வரை பிள்ளையைப் பிறத்தியார் தறிக்கு அனுப்பிய கதை காஞ்சிபுரத்துக்குப் புதிதில்லை. குழந்தைத் தொழிலாளர் சட்டம் 1986-இல் வந்தது. அதற்குப் பதினாறு பதினேழு ஆண்டுகள் கழித்து, 2003-இல், இந்தியப் பட்டுத் தொழிலில் கொத்தடிமைப்பட்ட குழந்தைகளைப் பற்றி ஹ்யூமன் ரைட்ஸ் வாட்ச் வெளியிட்ட அறிக்கையில் காஞ்சிபுரமும் இருந்தது. ஆக, ஒரே பையன் ஒரே காட்சியில் மரபின் வாரிசாகவும் தெரியலாம், வாங்கிய கடனுக்கு ஈடாகவும் தெரியலாம். எது என்பதைப் படச்சுருள் தானாகச் சொல்லாது. எடுத்த தேதி, தெரு, அந்த வீட்டுக்காரரின் பெயர், எடுக்கச் சொன்ன அலுவலகம் ஆகியவை தெரிந்தால் சொல்ல வைக்கலாம். தெரியாவிட்டால் அது சாட்சி இல்லை, திரைச்சீலை.

"மாறாத" என்ற சொல்லையும் விட முடியாது. ஜரிகைக்காகத் தமிழ்நாடு ஜரிகை ஆலை என்று அரசே 1971-இல் காஞ்சிபுரத்தில் நிறுவனம் தொடங்க வேண்டியிருந்தது. கைத்தறிக்கென்று சில ரகங்களை ஒதுக்கும் மத்தியச் சட்டம் 1985-இல் வர வேண்டியிருந்தது. விசைத்தறி அந்த அளவுக்கு நெருக்கியது. 2005-இல் புவிசார் குறியீடு கிடைத்தது. பெயரைக் காக்கச் சட்டத்தின் துணை வேண்டியிருந்தது என்பதே அதன் பொருள். இதற்கிடையில் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998-இல் கார் உற்பத்தியைத் தொடங்கியது. ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா 2006-இல் வந்து 2014-இல் மூடிவிட்டுப் போயிற்று. நெசவாளர் வீட்டுப் பிள்ளைகள் விடியற்காலையில் கம்பெனி பஸ்ஸுக்கு நிற்கத் தொடங்கிய காலம் இது. பட்டு நெசவின் கடந்த ஐம்பதாண்டு வரலாற்றில் இதைவிடப் பெரிய சம்பவம் எதுவும் எனக்குத் தெரியவில்லை. ஆனால் தேதியில்லாத குழித்தறிக் காட்சி இதை மொத்தமாக விழுங்கிவிடுகிறது. 1975-இல் எடுத்ததோ 1995-இல் எடுத்ததோ, பார்க்கிறவருக்கு ஒரே மனிதர் ஒரே குழியில் கால் விட்டு உட்கார்ந்திருக்கிறார். அவருக்குக் கூலி உயரவில்லை, தாழவில்லை. அவர் சங்கத்தில் சேரவில்லை, வேலை நிறுத்தம் செய்யவில்லை, மகனை ஐ.டி.ஐ.-யில் சேர்க்கவில்லை. கோயில் தூணில் செதுக்கிய யாளிக்கு இருக்கிற அளவு வரலாறுதான் அவருக்கும்.

இரண்டாவது முகத்துக்கு வருகிறேன். காஞ்சிபுரத்தில் பிறந்த அண்ணாவைவிடப் பொருத்தமான உதாரணம் இதற்குக் கிடைக்காது. அண்ணாவைப் பற்றித் தொலைக்காட்சியில் நான் பார்த்த படங்கள் எல்லாவற்றிலும் ஓர் இடம் தவறாமல் வருகிறது: 1969 பிப்ரவரி 4, சென்னை, இறுதி ஊர்வலம். ஏன் வருகிறது என்பதில் ரகசியம் இல்லை. காட்சி இருக்கிறது, அதுவும் யாரையும் கலங்கடிக்கும் காட்சி. மனிதத் தலைகள் கடலாகத் தெரிய, "ஒன்றரைக் கோடிப் பேர்" என்று குரல் ஒலிக்கிறது. கின்னஸ் புத்தகத்தில் ஏறிய கணக்கு அது. 1971 கணக்கெடுப்பின்படி தமிழ்நாட்டின் மக்கள்தொகை சுமார் 4 கோடியே 12 லட்சம். அதாவது மாநிலத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேற்பட்டவர்கள், கைக்குழந்தையும் கிழவியும் உட்பட, அன்று சென்னையில் இருந்திருக்க வேண்டும். இந்த எண்ணை அச்சில் படித்தால் யாராவது ஒரு நிமிடம் யோசித்திருப்பார்கள். கூட்டக் காட்சியின் மேல் சொல்லும்போது யோசிக்கத் தோன்றுவதில்லை. எண்ணுக்குக் காட்சி சாட்சி, காட்சிக்கு எண் சாட்சி என்று இரண்டும் ஒன்றையொன்று தாங்கி நிற்கின்றன. கேமராவின் சட்டத்துக்குள் அடங்குவது சில ஆயிரம் தலைகள். அண்ணாவுக்காக அழுதவர்களின் கண்ணீர் நிஜம். அந்த ஊர்வலம் தமிழகம் அதுவரை காணாதது என்பதிலும் எனக்குச் சந்தேகம் இல்லை. கண்ணீருக்குச் சாட்சியான காட்சியை எண்ணுக்குச் சாட்சியாக்குவதைத்தான் மறுக்கிறேன்.

அதைவிட முக்கியம், அந்தப் படங்களில் வராதவை. கைத்தறி நெசவாளர்கள் வேலையிழந்து, கஞ்சித் தொட்டிகளில் வரிசையில் நின்ற 1952, 53-ஆம் ஆண்டுகள். தி.மு.க. தொடங்கி நாலு வருடம்கூட ஆகாத நேரம். கட்சிக்காரர்கள் கைத்தறித் துணி மூட்டையைத் தோளில் போட்டுக்கொண்டு தெருத்தெருவாகக் கூவி விற்றார்கள், அண்ணாவும் விற்றார். நெசவாளர் வீட்டில் பிறந்து, தறிச்சத்தம் கேட்டு வளர்ந்த ஊர்க்காரர் ஒருவர் அரசியலுக்குள் அந்தச் சத்தத்தை எப்படிக் கொண்டுபோனார் என்பதற்கு இதைவிட நல்ல இடம் எது? பிறகு 1962: சொந்த ஊரான காஞ்சிபுரத்திலேயே காங்கிரஸ் வேட்பாளர் எஸ்.வி. நடேச முதலியாரிடம் தோற்றார். அந்தத் தோல்விதான் அவரை மாநிலங்களவைக்கு அனுப்பியது. அதே ஆண்டு அங்கே அவர் திராவிட நாடு பற்றிப் பேசியது நாடு முழுவதும் கவனிக்கப்பட்டது. அப்போது அவைக்குள் கேமரா கிடையாது. பேச்சு சொல்லுக்குச் சொல் அவைக் குறிப்பில் இருக்கிறது. நான் பார்த்த படங்களில் மூட்டை ஒரு வாக்கியம், தோல்வி அரை வாக்கியம், ஊர்வலம் நாலு நிமிடம். ஒரு மனிதரின் வாழ்க்கையில் எது பெரிது என்பதை அன்றைக்குப் படச்சுருள் வாங்கப் பணமும் கேமரா அனுப்ப அதிகாரமும் வைத்திருந்தவர்கள் தீர்மானித்துவிட்டார்கள். அந்தத் தீர்மானத்தை நாம் ஐம்பது வருடம் கழித்தும் மறுபரிசீலனை செய்யாமல் ஒப்பிக்கிறோம்.

கேமரா யாரிடம் இருந்தது என்பதை நினைத்துப் பார்த்தால் இது விளங்கும். 1948-இல் தொடங்கிய ஃபிலிம்ஸ் டிவிஷனிடம் இருந்தது. தியேட்டரில் படத்துக்கு முன்னால் கட்டாயமாக ஓடிய செய்திப்படங்களில் புதிய இந்தியா அணைக்கட்டாகவும் கைவினைப் பொருளாகவும் வந்துபோனது. வெளிநாட்டு யாத்ரிகர்களிடம் இருந்தது. வசதி படைத்தவர்களிடம் இருந்தது. நாடாவுக்கு நூல் தார் சுற்றும் பெண்ணிடம் இல்லை. அவள் கை எப்போதாவது சட்டத்துக்குள் வந்திருந்தால், அது அழகாக இருந்ததால் வந்திருக்கும். ஆகவே "காட்சி இருக்கிறதா?" என்று கேட்டு வரலாற்றை எழுதுகிறவர், தெரிந்தோ தெரியாமலோ, "அந்தக் காலத்தில் வசதியானவர்கள் யாரைப் பார்த்தார்கள்?" என்று கேட்டு எழுதுகிறார்.

அப்படியானால் பழைய காட்சியே வேண்டாம் என்கிறாயா என்று கேட்கலாம். அப்படிச் செய்தவரும் உண்டு. யூதப் படுகொலையைப் பற்றிக் கிளோத் லான்ஸ்மான் 1985-இல் முடித்த 'ஷோவா' ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும். அதில் காப்பகக் காட்சி ஒன்றுகூட இல்லை. உயிர் பிழைத்தவர்களின் பேச்சும், இன்றைய வயல்வெளியும், ரயில் பாதையும்தான். அது மகத்தான படம். ஆனால் அதையே விதியாக்க நான் தயாராக இல்லை, நமக்குப் பக்கத்திலேயே எதிர் உதாரணம் இருக்கும்போது.

புதுச்சேரியில் இருக்கும் பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் 1956 முதல் தமிழ்நாட்டுக் கோயில்களைப் படம் எடுத்து அடுக்கி வைத்திருக்கிறது. கலைப்படம் எடுக்கும் நோக்கம் அவர்களுக்கு இல்லை. எந்தக் கோயில், எந்தச் சன்னிதி, எந்தத் தேதி என்று குறித்துக் கோப்பில் போட்டார்கள். அரியலூர் மாவட்டம் ஸ்ரீபுரந்தான் கோயிலிலிருந்து நடராஜர் திருடுபோய், 2008-இல் ஆஸ்திரேலியாவின் தேசியக் கலைக்கூடம் அதை ஐம்பது லட்சம் டாலருக்கு வாங்கி வைத்திருந்தது. அந்தச் சிலை அந்தக் கோயிலில் இருந்தது என்பதை நிறுவியதில் அந்தப் பழைய நிழற்படத்துக்குப் பெரிய பங்கு. 2014 செப்டம்பரில் அந்நாட்டுப் பிரதமர் கையோடு கொண்டுவந்து ஒப்படைத்தார். அதே படத்தில் குறிப்பு இல்லை என்று வைத்துக்கொள்ளுங்கள். சோழர் காலத்து அழகிய வெண்கலம் என்று காலண்டரில் போட்டிருக்கலாம். கடல் கடந்து போன சாமியை மீட்டிருக்க முடியாது.

இன்னொன்று காஞ்சிபுரம் மாவட்டத்துக்குள்ளேயே நடந்தது. 1991 மே 21 இரவு, ஸ்ரீபெரும்புதூர், ராஜீவ் காந்தி கொலை. அப்போது அது செங்கல்பட்டு எம்.ஜி.ஆர். மாவட்டம். குண்டு வெடித்ததில் இறந்துபோன புகைப்படக்காரர் ஹரிபாபுவின் கேமரா அங்கேயே கிடந்தது. அதிலிருந்த பத்துப் படங்களை வைத்துத்தான் புலனாய்வு நகர்ந்தது. புலனாய்வுக்காரர்கள் அந்தப் படங்களை எப்படிப் பார்த்தார்கள்? எது முதல் படம், எது கடைசி, எடுத்தவன் எங்கே நின்றான், அவன் ஏன் இவர்களையே எடுத்தான், மாலையோடு நிற்கும் பெண் யார், பக்கத்தில் இருப்பவர் யார். எடுத்தவனையே சந்தேகித்ததால்தான் படம் பேசியது. தொலைக்காட்சி அதே படங்களை எப்படிப் பார்க்கிறது? மெல்ல நெருங்கி, சிவப்பு வட்டம் போட்டு, முரசு முழக்கி, ஒரே நிகழ்ச்சியில் ஏழெட்டு முறை. பார்த்து முடித்தவருக்குப் புதிதாக ஒன்றும் தெரிந்திருக்காது, படபடப்பு மிச்சம்.

இந்த நோய் தமிழ்நாட்டுக்கு மட்டும் உரியதில்லை. 1917 அக்டோபர் புரட்சியில் குளிர்கால அரண்மனையை மக்கள் தாக்குகிற காட்சி என்று உலகம் முழுக்க ஆவணப்படங்களில் ஓடியது, ஐசன்ஸ்டைன் பத்தாண்டு கழித்து நடிகர்களையும் பொதுமக்களையும் வைத்து எடுத்த கதைப்படத்தின் துண்டு. உண்மைச் சம்பவத்தில் அவ்வளவு ஆர்ப்பாட்டம் இல்லை. 1964-இல் பிபிசி எடுத்த முதல் உலகப் போர்த் தொடரில் நடித்துக் காட்டிய காட்சிகள் நிஜப் போர்க்காட்சிகளோடு பெயர் சொல்லாமல் கலந்தன. தயாரிப்பில் கூட்டாளியான இம்பீரியல் வார் மியூசியமே அதை எதிர்த்தது. இவற்றைவிடக் கொடியது வார்சா. யூதர்களை அடைத்து வைத்த பகுதிக்குள் 1942 மே மாதம் நாஜிப் படப்பிடிப்புக் குழு நுழைந்து எடுத்த மௌனச் சுருள்கள் போருக்குப் பின் கிடைத்தன. பட்டினிப் பிணங்களும், அவற்றைத் தாண்டி உணவு விடுதிக்குப் போகும் பணக்கார யூதர்களும் அவற்றில் இருந்தன. பல பத்தாண்டுகள் ஆவணப்படங்கள் அந்தத் துண்டுகளை நடந்த நிஜமாகவே எடுத்தாண்டன. 1998-இல் வெட்டி எறிந்த சுருள் ஒன்று கிடைத்தது. அதில் அதே மனிதர்கள் அதே தெருவை மறுபடி மறுபடி கடக்கிறார்கள். சரியாக வரும்வரை எடுத்திருக்கிறார்கள். பிணங்கள் நிஜம், விருந்து ஏற்பாடு. கொலைகாரன் கேமராவால் எடுத்ததைக் கொலையுண்டவர்களின் வாழ்க்கை என்று நம்பிய உலகம், அதை எடுத்தது யார் என்று தெரிந்தும், ஏன் எடுத்தான் என்று போதுமான அளவு கேட்கவில்லை.

நம் ஊரிலும் இது நடக்கக் காத்திருக்கிறது. பிரியதர்ஷனின் 'காஞ்சிவரம்' 1940-களின் நெசவாளரைப் பற்றிய கதைப்படம். சிறந்த படத்துக்கான தேசிய விருதும் பிரகாஷ்ராஜுக்குச் சிறந்த நடிகர் விருதும் பெற்றது. நல்ல படம். ஒளியமைப்பும் மங்கலான நிறமும் பார்ப்பவரை அந்தக் காலத்துக்கே கொண்டுபோகின்றன. ஐசன்ஸ்டைனுக்கு நேர்ந்தது அதற்கும் நேர எவ்வளவு நாளாகும்? நாலு நொடித் துண்டை வெட்டி, நிறத்தை எடுத்துவிட்டு, கோடு போட்டால் போதும். கோடு போடும் மென்பொருள் எல்லா எடிட்டிங் அறையிலும் இருக்கிறது. இப்போது இன்னும் ஒரு படி மேலே போய், நிழற்படத்தில் இருப்பவர்களை நடக்க வைக்கிறார்கள், கறுப்பு வெள்ளைக்கு நிறம் பூசுகிறார்கள். பூசியதை யார் தீர்மானித்தார்கள்? காஞ்சிபுரத்தில் இந்தக் கேள்வி சில்லறைக் கேள்வி இல்லை. அரக்கு உடலுக்கு மஞ்சள் கரையா, பச்சைக் கரையா என்பதில் ஒரு தறிவீட்டின் பெயரே அடங்கியிருக்கிறது. அதை ஒரு கணினி ஊகித்துப் பூசிவிட்டுப் போகும்.

தமிழில் இதற்கு வேறு முன்மாதிரி இருந்தது, அதுவும் மிகத் தொடக்கத்திலேயே. கோட்டையூர் ஏ.கே. செட்டியார், 1937-இல் நியூயார்க்கிலிருந்து கப்பலில் போகும்போது, காந்தியைப் பற்றி முழு ஆவணப்படம் எடுக்க நினைத்தார். புதிதாக எடுப்பதைவிட, உலகம் முழுவதும் ஏற்கெனவே எடுத்துப் போட்டிருப்பதைத் தேடிச் சேர்ப்பதுதான் அவர் திட்டம். தென்னாப்பிரிக்கா, ஐரோப்பா, அமெரிக்கா என்று அலைந்து ஐம்பதாயிரம் அடிப் படச்சுருள் திரட்டி, 1940-இல் தமிழ் விளக்கத்தோடு வெளியிட்டார். வெள்ளைக்கார ஆட்சி, உலகப்போர், கையில் பெரிய முதல் இல்லை. அந்த நிலையிலும் எந்தச் சுருள் யாரிடம் கிடைத்தது, அதற்காக யாரைப் பார்த்தார், யார் கதவைச் சாத்தினார் என்று பின்னால் தம் 'குமரிமலர்' இதழில் எழுதி வைத்தார். 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்று அது புத்தகமாகவும் இருக்கிறது. படம் பல பத்தாண்டுகள் காணாமற்போயிருந்து, பிற்பாடு அதன் ஆங்கில வடிவமொன்று அமெரிக்காவில் அகப்பட்டது. படம் கண்ணில் படாத காலம் முழுவதும், அது எவற்றால் ஆனது என்று நாம் அறிந்திருந்தது அவர் எழுதியதால். எண்பது வருடத்துக்கு முன்னால் தனி மனிதர் கப்பலில் அலைந்து செய்ததை, குளிர்சாதன அறையில் உட்கார்ந்திருக்கும் சேனல்கள் செய்ய முடியாது என்கின்றன.

ஏன் முடியாது என்பதற்கு அவர்கள் சொல்லும் பதில்கள் தெரிந்தவைதான். இது தொலைக்காட்சி, ஆராய்ச்சிக் கட்டுரை இல்லை. திரையில் எழுத்துப் போட்டால் பார்வையாளர் ரிமோட்டைத் தேடுவார் என்பது ஒன்று. கிரிக்கெட் ஒளிபரப்பில் ஒரே நேரத்தில் பத்து எண்களைப் படிக்கிற பார்வையாளர்தானே இவர்? தவிர, ஆவணப்படக்காரர்கள் ஏளனமாகப் பார்க்கும் தினச்செய்தி, இதைப் பல வருடமாகச் செய்துவருகிறது. போன வாரத்து வெள்ளத்தைக் காட்டினால்கூட ஓரத்தில் 'கோப்புக் காட்சி' என்று போடுகிறார்கள். இரண்டு நிமிடச் செய்திக்கு இருக்கிற அந்தக் குறைந்தபட்ச நாணயம், 'ஆவணம்' என்று பெயரிலேயே வைத்திருக்கும் படத்துக்கு ஏன் இல்லை?

இரண்டாவது பதிலில் கொஞ்சம் நியாயம் உண்டு: நம்மிடம் காப்பகமே இல்லை, கிடைத்ததைத்தான் போட முடியும். உண்மைதான். நடராஜ முதலியாரின் 'கீசகவதம்' இல்லை. 1931-இன் 'காளிதாஸ்' இல்லை. 2003-இல் புனேயில் பற்றிய தீயில் பழைய நைட்ரேட் சுருள்கள் பல போயின. ஒளிநாடாவை அழித்து அதன்மேலேயே மறுபடி பதிவு செய்வது உலகமெங்கும் தொலைக்காட்சி நிலையங்களின் வழக்கமாக இருந்தது. பிபிசியே தன் 'டாக்டர் ஹூ' தொடரில் தொண்ணூறுக்கும் மேற்பட்ட அத்தியாயங்களைத் தொலைத்துவிட்டு நிற்கிறது. ஆனால் பஞ்சம் என்பதால் கலப்படம் செய்யலாம் என்று ஆகிவிடாது. இருப்பது நாலே துண்டு என்றால், அந்த நாலையும் நோண்டி நோண்டிக் கேட்கத்தானே வேண்டும்? காஞ்சிபுரத்தில் அதைப் படிக்கத் தெரிந்தவர்கள் இன்னும் தெருவில் நடமாடுகிறார்கள். அவர்களிடம் காட்டிப் பேச வைப்பதையே படமாக எடுத்தால், ஒரு துண்டிலிருந்து அரைமணி நேரம் கிடைக்கும், நாகஸ்வரம் இல்லாமலே.

காட்சியே இல்லாத இடத்தில்? இல்லை என்று சொல்லிவிட்டுக் கதையைச் சொல்லலாம். மூட்டை சுமந்த தெரு இன்றும் இருக்கிறது. கூலிப் புத்தகம் இருக்கும், சங்கத்துக் கணக்கு இருக்கும், அவைக் குறிப்பு இருக்கிறது. நினைவு பிசகும் என்பார்கள். பிசகட்டும், பிசகும் மனிதரிடம் எதிர்க்கேள்வி கேட்கலாம், பக்கத்து வீட்டுக்காரரிடம் சரிபார்க்கலாம். பெயரும் தேதியும் இல்லாத சுருளிடம் எதைக் கேட்பது?

இவ்வளவையும் ஊர்ப் பெருமைக்காகச் சொல்லவில்லை. அடுத்த தேதி ஏற்கெனவே குறித்தாகிவிட்டது. சின்ன காஞ்சிபுரம் வரதராஜப் பெருமாள் கோயிலில் அனந்தசரஸ் குளத்துக்குள்ளிருந்து அத்திவரதர் நாற்பது ஆண்டுக்கொரு முறை எழுந்தருளுகிறார். முன்பு 1979, கடைசியாக 2019. கடைசி முறை ஜூலை 1 முதல் ஆகஸ்ட் 17 வரை; முதல் மாதம் சயனக் கோலம், அப்புறம் நின்ற கோலம். அந்த நாட்களில் சேனல்களில் 1979-ஆம் ஆண்டுக் கறுப்பு வெள்ளைப் படங்கள் என்று சில ஓடின. எடுத்தவர் பெயரோடு ஒன்றையும் நான் பார்க்கவில்லை. அவற்றில் நெரிசல் தெரியாததை வைத்து, "அப்போதெல்லாம் எவ்வளவு அமைதியாகச் சேவித்தார்கள்" என்று வியந்தவர்களும் உண்டு. சன்னிதிக்குள் கேமராவோடு அனுமதிக்கப்பட்டவர் கூட்டம் இல்லாத நேரத்தில்தான் உள்ளே இருந்திருப்பார் என்று யாருக்கும் தோன்றவில்லை.

1979-க்குப் படம் பஞ்சம் என்றால் 2019-க்கு வெள்ளம். கோடிக்கணக்கில் கைப்பேசிக் காட்சிகள், ட்ரோன், நேரலை. குடியரசுத் தலைவர் வந்தார், நடிகர்கள் வந்தார்கள். முக்கியஸ்தர் வரிசையில் நின்று எடுத்த காட்சிகள் கண்ணாடிபோலத் தெளிவு. ஜூலை 18-ஆம் தேதி நெரிசலில் நாலு பேர் இறந்தார்கள். அந்த நெரிசலின் காட்சி எப்படிக் கிடைத்தாலும் ஆட்டமும் மங்கலுமாகத்தான் இருக்கும். 2059-இல் காஞ்சிபுரத்தைப் பற்றிப் படம் எடுக்கப் போகிற ஆள், இன்றைய வழக்கப்படியே போனால், எதை எடுத்துக்கொள்வார் என்று சொல்ல ஜோசியம் தேவையில்லை. தெளிவாக இருப்பதை எடுப்பார். ட்ரோனுக்குக் கீழே பூத்த கூட்டத்தைக் காட்டி ஒரு கோடிப் பேர் என்பார். நாலு பேருக்கு விஷுவல் இருக்காது.

அன்றைக்குக் கோயிலுக்குள்ளும் வெளியிலும் கேமரா பிடித்தவர்களில் பலர் இப்போதும் அதே வேலையில் இருக்கிறார்கள். எங்கே நின்றார்கள், யார் அனுமதித்தார்கள், எதை எடுக்க வேண்டாம் என்று சொல்லப்பட்டார்கள் என்று அவர்களைக் கேட்டு ஒரு தாளில் எழுதி, அந்த ஹார்டு டிஸ்குகளோடு சேர்த்து வைக்கச் சேனல்களுக்கு ஆகும் செலவு, ட்ரோன் வாடகையைவிடக் குறைவு.